ஆடி அமாவாசைக்கு ஒரு ஷாட்

ஜூலை 22, திங்கள்

முல்லைத்தீவு. விடுதி அறை முழுக்கப் பூச்சி உருண்டை மணம். கட்டில் விரிப்பில் யாரோ ஒருவரின் நீளமான தலைமயிர். குளியலறை வாளிக்குள் செத்த பல்லி. வரவேற்பறைச் சுவரில் யுத்த டாங்கிக்கு முன்னால் பிள்ளைகள் ஐஸ்கிறீம் குடிக்கிற படம் பெரிதாகத் தொங்குகிறது, அதற்குக் கீழே பிளாஸ்ரிக் ரோசா.

விடுதி முதலாளி என் பெயரைக் கேட்டதும், "வதனா மிஸ்! சாம்பலால கீறுற ஆள் நீங்கள்தானே? பேப்பரில பாத்தனான்" என்றார். ஆமாம், நான்தான். எரிந்த பனைகளின் சாம்பலைக் குழைத்து ஓவியம் கீறி, கொழும்பில் காட்சிக்கு வைத்து, எல்லாம் விற்றுப்போனது. ஒன்றை வாங்கிய டொக்டர் குடும்பம் அதைத் தங்கள் சாப்பாட்டு மேசைக்கு மேலே மாட்டியிருக்கிறது. என்னையும் விருந்துக்கு அழைத்தார்கள். என் ஓவியத்துக்குக் கீழே இருந்து நான் நண்டுக் கால் உடைத்துச் சாப்பிட்டேன். அன்றைக்குத் தொடங்கிய குமட்டல் இன்னும் முழுதாகப் போகவில்லை.

அதனால்தான் இனிக் கீறுவதில்லை, படம் எடுப்பது என்று முடிவு செய்தேன். ஆவணப்படத்தில் பொய் இல்லை. இருப்பதை எடுக்கிறோம், அவ்வளவுதான்.

ஜூலை 24, புதன்

இன்றைக்கு மலரக்காவின் வீட்டில் முதல் நாள் படப்பிடிப்பு. முழுப்பெயர் இராசமலர். கடைகளுக்கு இடியப்பம் அவித்துக் கொடுக்கிறார். கணவர் குணபாலசிங்கம், லொறி ஓட்டியவர். யுத்தம் முடிந்த அந்த மே மாதம் சோதனைச் சாவடியில் ஆமிக்காரர் கூப்பிட்டு பஸ்ஸில் ஏற்றினார்கள். அதற்குப் பிறகு ஆளைப் பற்றி ஒரு தகவலும் இல்லை. காணாமல் ஆக்கப்பட்டவர்களின் உறவுகள் வீதியோரம் ஒரு கொட்டகை போட்டு வருடக்கணக்காக இருக்கிறார்களே, அதில் மலரக்காவும் ஒருவர்.

நெற்றியில் பெரிய குங்குமப் பொட்டு. கழுத்தில் தாலி. ஊரில் கதைக்கிறார்களாம். கதைக்கட்டும் என்கிறார். வெள்ளிக்கிழமை தவறாமல் கோயிலில் கணவரின் பெயருக்கும் கேட்டை நட்சத்திரத்துக்கும் அருச்சனை செய்கிறார்.

"அருச்சனை உயிரோட இருக்கிற ஆளுக்குத்தானே தங்கச்சி செய்யிறது" என்றார். "நான் பிணத்தைப் பாக்கேல்ல. பஸ்ஸைத்தான் பாத்தனான். யன்னல் கரையில இருந்து கையைக் காட்டினவர்."

அந்தக் காட்சியை ஜெரோம் ஒரே மூச்சில் எடுத்தான். ஜெரோம் என் கமெராமேன், மன்னார்ப் பையன், கை நடுங்காது. ஆனால் மலரக்கா அழவில்லை. நான் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்து பார்த்தேன். பேசாமல் இருந்தால் ஆட்கள் அழுவார்கள், இது தொழிலில் எல்லோருக்கும் தெரியும். அவர் என்னைப் பார்த்துச் சிரித்தார்.

"போன வருசம் வந்தவையள் ரிஷ்யூப் பெட்டியோட வந்தவை. மேசையில வைச்சிட்டுத்தான் கேள்வியே கேட்டவை. நீங்கள் அது கொண்டரேல்ல, நல்ல பிள்ளை."

அந்த ஆட்களை நினைக்க எனக்கு வாந்தி வரும்போல் இருந்தது.

ஜூலை 26, வெள்ளி

கோயிலில் அருச்சனை எடுத்தோம். குருக்களின் வாயில் வெற்றிலை. ஒலி பாழ். பின்னேரம் கொட்டகையில் பெண்கள் காணாமல் போனவர்களின் படங்களைத் தடவுவதை எடுத்தோம்.

ஜூலை 28, ஞாயிறு

ரொறொன்ரோவிலிருந்து புவனேந்திரனின் குரற்செய்தி. படத்துக்கு அவர்தான் தயாரிப்பாளர். முறுக்கோ என்னவோ கடித்துக்கொண்டே பேசுகிறார், அந்தச் சத்தம் என் காதுக்குள் நடக்கிற மாதிரி இருக்கிறது.

"வதனா, அனுப்பினதெல்லாம் பாத்தன். அந்தம்மா நல்ல முகம். ஆனா படம் ஒரே இடத்தில நிக்குது தங்கச்சி. பாக்கிறவன் கடைசியில எதோட வீட்டுக்குப் போறது? ஒரு முடிவு வேணும். ஆடி அமாவாசை வருதெல்லோ? கடல், ஐயர், எள்ளு, தண்ணி. மகன் ஒருத்தன் இருக்கிறான் எண்டனீர். யோசிச்சுப் பாரும்."

பதினைந்து வருடமாக முடிவு இல்லாமல் இருக்கிற ஒரு பெண்ணிடம் இவருக்கு ஒரு முடிவு வேண்டுமாம். என்ன மனிதன்! செய்தியை இரண்டு தரம் கேட்டேன். அருவருப்பாக இருந்தது.

விடுதிச் சாப்பாட்டில் இன்றைக்கும் மீன் பழுதாகியிருந்தது.

ஜூலை 30, செவ்வாய்

மயூரதனைப் பார்க்கப் போனேன். மலரக்காவின் ஒரே மகன். தகப்பனை பஸ்ஸில் ஏற்றியபோது ஒன்பது வயது. இப்போது சந்திக்குப் பக்கத்தில் வெல்டிங் கடை வைத்திருக்கிறான். கல்யாணப் பேச்சு நடக்கிறது. தாயைப் போல வாய்க்காரன் இல்லை, கேட்டதற்கு மட்டும் பதில். ஆனால் இன்றைக்கு ஏதோ மனம் விட்டுப் பேசினான்.

"ஆடி அமாவாசைக்கு என்ர சிநேகிதப் பெடியள் எல்லாம் கடலுக்குப் போவாங்கள் மிஸ், தகப்பன்மாருக்கு எள்ளுத் தண்ணி குடுக்க. நான் வீட்ட இருப்பன். அண்டைக்கு எங்கட ஒழுங்கை முழுக்க விரதச் சமையலுக்குக் காத்தோட்டிக்காய் பொரிக்கிற மணம் வரும். எங்கட வீட்டில மட்டும் மீன் குழம்பு வைப்பா அம்மா. வேணுமெண்டே வைப்பா."

பிறகு சொன்னான்: "பொம்பிளை வீட்டார் கேக்கினம், அப்பா இருக்கிறாரோ இல்லையோ எண்டு. என்னத்தைச் சொல்லுறது? எனக்கு ஒருக்கா இருந்து அழுது முடிக்கோணும் மிஸ். அதுக்கு ஒரு இடமில்லை."

நான் ஒன்றும் வற்புறுத்தவில்லை. கேட்டது மட்டும்தான். படத்துக்காகக் கடற்கரையில் ஒரு ஷாட் எடுப்போமா, உண்மையாகச் செய்யத் தேவையில்லை, செய்கிற மாதிரி நின்றால் போதும் என்றேன். அவன் கையுறையைக் கழற்றி மேசையில் வைத்தான்.

"அம்மா?"

"அம்மாவோட நான் கதைக்கிறன்" என்றேன்.

கதைக்க வேண்டும்.

ஓகஸ்ட் 2, வெள்ளி

மலரக்கா வீட்டுக்குப் போனேன். இடியப்பமும் சொதியும் தந்தார். அடுப்படியில் நின்று உரலைப் பிழிந்துகொண்டே மகனின் கல்யாணத்தைப் பற்றிப் பேசினார். மருமகளை வாசலில் வைத்து ஆலாத்தி எடுக்கத் தானே நிற்பாராம். பொட்டோடும் தாலியோடும் நிற்கிறவளை யார் தள்ளிவிடுவார்கள், பார்க்கலாம் என்றார். மிகச் சந்தோசமாக இருந்தார். அந்த விசயத்தைத் தொடக்குகிற மாதிரி இன்றைக்கு இருக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை முழுக்கக் கொட்டகையில் இருப்பாராம். ஒரு வகையில் நல்லது.

ஓகஸ்ட் 3, சனி

சட்டைகள் தோய்த்துப் போட்டேன். கமெரா பற்றரிகள் சார்ஜ் ஏற்றியாயிற்று. ஜெரோம் கேட்டான்: "அக்கா, அம்மாட்டச் சொல்லிட்டீங்களோ?" ஓம் என்றேன். மயூரதனும் தொலைபேசியில் அதையே கேட்டான். ஒரே கேள்வியை ஆளாளுக்குக் கேட்டு உயிரை எடுக்கிறார்கள்.

ஓகஸ்ட் 4, ஞாயிறு. ஆடி அமாவாசை

காலையில் அண்ணன் வாட்சப்பில் வாழையிலைப் படம் அனுப்பியிருந்தான். எங்கள் அப்பாவுக்கு அவன்தான் யாழ்ப்பாணத்தில் விரதம் பிடிக்கிறவன். அப்பா ஆஸ்பத்திரிக் கட்டிலில், எங்கள் எல்லோருக்கும் முன்னால், ஒழுங்காகச் செத்தவர்.

கடற்கரையில் சனமென்றால் சனம். கச்சான் கடலை வண்டில், பலூன் வண்டில், ஒலிபெருக்கியில் யாரோ தொலைத்த பிள்ளையின் பெயர். கரை முழுக்கத் தர்ப்பைப் புல்லும் வாழையிலைத் துண்டும் சவர்க்கார உறையும். அலை ஒதுக்கிய குப்பைக்குள் பிண்டச் சோற்றை நாய்கள் நக்கிக்கொண்டிருந்தன. அதற்கு நடுவில் ஈர வேட்டியோடு ஆண்கள் வரிசையாகக் குந்தியிருந்தார்கள். எனக்கு எல்லாமே குமட்டியது. படத்தில் இந்தக் குப்பை தெரியக்கூடாது என்று ஜெரோமிடம் சொன்னேன்.

மயூரதன் குளித்துவிட்டு வேட்டியோடு வந்தான். காலையிலிருந்து ஒன்றும் சாப்பிடவில்லையாம். "நடிக்கிறதுக்கு எதுக்கடா பட்டினி?" என்று பகிடியாகக் கேட்டேன். அவன் சிரிக்கவில்லை.

ஐயரிடம் படப்பிடிப்பு என்று சொல்லியிருந்தேன். என்ன படப்பிடிப்பு என்று அவர் கேட்கவில்லை, நானும் விளக்கவில்லை. மயூரதனின் விரலில் தர்ப்பையைப் போட்டார்.

"தகப்பனாற்ர பேர்?"

"குணபாலசிங்கம்."

"மோசம் போய் எத்தினை வருசம்?"

மயூரதன் என்னைப் பார்த்தான். "பதினைஞ்சு எண்டு சொல்லு" என்றேன்.

"திதி தெரியுமோ?"

"தெரியாது ஐயா."

"தெரியாட்டி அமாவாசைதான். சொல்லும்."

எள்ளையும் தண்ணீரையும் விட்டான். சரியாக அந்த நேரம் பக்கத்திலிருந்தவரின் தொலைபேசி சினிமாப் பாட்டோடு அடித்தது. ஒலி போயிற்று. திரும்ப எடுக்க வேண்டும் என்றேன். ஐயர் என்னை நிமிர்ந்து பார்த்தார். "பிள்ளை, இது கலியாண வீடியோ இல்லை." ஆனாலும் தட்சணைத் தட்டில் நான் வைத்ததைப் பார்த்துவிட்டுத் திரும்பவும் தொடங்கினார். இரண்டாவது முறை, சிவப்பு ரீசேட் போட்ட ஒரு தடியன் குறுக்கே போனான்.

மூன்றாவது முறை எல்லாம் கூடி வந்தது. மேகம் விலகியது. மயூரதன் பெயரைச் சொன்னான், தண்ணீரை விட்டான், விட்ட கையை மடிக்காமல் அப்படியே வைத்துக்கொண்டு அழத் தொடங்கினான். சத்தம் போட்டு, ஒன்பது வயதுப் பிள்ளை அழுகிற மாதிரி. அக்கம்பக்கத்தில் இருந்தவர்கள் எல்லாம் திரும்பினார்கள். அவனுடைய ஒழுங்கைக்காரர் இரண்டு பேர் ஓடிவந்து தோளைப் பிடித்தார்கள்.

நான் கட் சொல்லவில்லை.

ஓகஸ்ட் 5, திங்கள்

தலையிடி. காட்சிகளைக் கணினியில் ஏற்றினோம். மூன்றாவது டேக் அற்புதம்.

ஓகஸ்ட் 6, செவ்வாய்

மலரக்கா வரச் சொன்னார். போனால் முற்றத்தில் வாடகைக் கதிரைகள் போட்டிருந்தது. பத்துப் பன்னிரண்டு பெண்கள் இருந்தார்கள். ஒருத்தி வெறும் தேத்தண்ணீர் ஊற்றிக் கொடுத்துக்கொண்டிருந்தாள். செத்தவீட்டுக்குப் போகிறபோது உடுப்பார்களே, அந்த மாதிரி வெளிறிய சேலைகள். அடுப்படியில் யாரோ கொண்டுவந்து வைத்த காத்தோட்டிக்காய்க் கறிச் சட்டி மூடியபடி இருந்தது.

கடற்கரையில் கண்டவர்கள் ஊரில் சொல்லியிருக்கிறார்கள். மகன் எள்ளுத் தண்ணீர் கொடுத்துவிட்டான், அப்படியென்றால் தகப்பன் செத்துவிட்டது அந்த வீட்டுக்குத் தெரிந்துவிட்டது. அதுதான் துக்கம் விசாரிக்க வந்திருக்கிறார்கள். இதில் யாரைக் குற்றம் சொல்வது? இங்கே வேறெப்படி விளங்கிக்கொள்வார்கள்?

மலரக்கா கிணற்றடியில் நின்றார். பொட்டு இருந்தது. என்னைக் கண்டதும் வேலிப் பக்கம் கூட்டிக்கொண்டு போனார். குரலை உயர்த்தவே இல்லை.

"மயூரதன் சொல்லுறான், அம்மா சம்மதிச்சிட்டா எண்டு மிஸ்தான் சொன்னவ எண்டு. நான் எப்ப தங்கச்சி சம்மதிச்சனான்?"

நான் ஏதோ சொன்னேன். என்ன சொன்னேன் என்று சரியாக நினைவில்லை. நடிப்புத்தானே அக்கா, படத்துக்குத்தானே என்ற மாதிரி.

"மூண்டு தரம் குடுத்தவனாம். முதல் ரெண்டும் சரியா வரேல்லை எண்டு திரும்பத் திரும்பக் குடுக்கச் சொன்னீங்களாம். என்ர மனுசனை மூண்டு தரம் சாக்காட்டியிருக்கிறீங்கள்."

கதிரையில் இருந்த பெண்ணொருத்தி எங்களைப் பார்த்து மூக்கைத் துடைத்தாள்.

"கொட்டகையை நடத்திற பவளமக்கா ஆள் விட்டவ. வீட்டில எள்ளுத் தண்ணி குடுத்த ஆக்கள் இனி அங்க இருக்கேலாதாம். ஒரு வீடு செத்துப்போச்செண்டு ஒத்துக்கொண்டா மற்ற வீடுகளையும் அதையே சொல்லச் சொல்லித்தானே அரசாங்க ஆக்கள் நெருக்குவினம். அவ சொல்லுறதும் சரிதானே? அங்க எனக்கொரு இடமில்லாட்டி நான் பிறகு ஆர் தங்கச்சி? தாலி கட்டின கைம்பெண்ணோ?"

பிறகு கேட்டார். கெஞ்சவில்லை, கேட்டார். "வெள்ளிக்கிழமை கொட்டகைக்கு வாங்கோ. எல்லாருக்கும் முன்னால நிண்டு சொல்லுங்கோ, அது நடிப்பு, நீங்கள் சொல்லித்தான் பெடியன் செய்தவன் எண்டு. நீங்கள் சொன்னா நம்புவினம். படிச்ச ஆள்."

வருகிறேன் என்றேன். உண்மையாகத்தான் சொன்னேன். திரும்பி வரும் வழியில் வாகனத்தை நிறுத்தி வீதியோரம் வாந்தி எடுத்தேன். விடுதி மீனாகத்தான் இருக்க வேண்டும்.

ஓகஸ்ட் 7, புதன்

புவனேந்திரனோடு பேசினேன். கத்தினார்.

"விசரோ உமக்கு? ஆவணப்படத்துக்குள்ள நடிப்பெண்டு நீரே போய்ச் சொன்னா எந்த விழாக்காரன் தொடுவான்? மூண்டு வருசமாக் காசு தேடித் தொடங்கின வேலை. உம்மட பேரையும் சேத்துத்தான் குப்பையில போடுவாங்கள்."

போடட்டும் என்றேன். அதைச் சொன்னபோது எனக்கு என்னைக் கொஞ்சம் பிடித்திருந்தது. நெடுநாளைக்குப் பிறகு.

 மறுமுனையில் முறுக்குக் கடிபடுகிற சத்தம் கேட்டது. குரல் மாறிவிட்டது, தேன் மாதிரி.

"சரி, நீர் போம். போய் உண்மையைச் சொல்லும். ஆனா ஜெரோமையும் கூட்டிக்கொண்டு போம். கலைஞர் ஒருத்தி தான் செய்த பிழையைச் சனத்துக்கு முன்னால ஒத்துக்கொள்ளுறா. வதனா, அதுதான் படம். அதுக்கு முன்னால அந்தக் கடற்கரைக் காட்சியும் அப்பிடியே இருக்கலாம்."

சீ என்று சொல்லிவிட்டுத் தொலைபேசியை வைத்தேன். இப்படியும் ஒரு பிறவி. கை கழுவினேன், முகம் கழுவினேன், என்ன கழுவியும் ஊத்தை போகவில்லை.

ஓகஸ்ட் 8, வியாழன்

ஜெரோம் நாளைக்கு என்ன லென்ஸ் என்று கேட்டான். கொட்டகைக்குள் வெளிச்சம் குறைவு என்றேன்.

ஓகஸ்ட் 9, வெள்ளி

தகரக் கூரை. உள்ளே புழுக்கம். முன்பக்கம் முழுக்கக் காணாமல் போனவர்களின் படங்கள், வெயிலில் வெளிறி எல்லோரும் ஒரே முகமாகிக்கொண்டு வருகிறார்கள். பெண்கள் பாயில் இருந்தார்கள். பவளமக்கா நடுவில். கால் வீக்கம், நீட்டிக்கொண்டுதான் இருப்பார். இரண்டு மகன்மாரைத் தேடுகிறவர். மலரக்கா உள்ளே வராமல் வாசல் கம்பைப் பிடித்துக்கொண்டு நின்றார். மயூரதன் வேலை உடுப்போடு அவருக்குப் பின்னால். ஜெரோம் ஒரு மூலையில் நின்றான். கொட்டகைக்காரருக்குக் கமெரா பழக்கம், ஒருவரும் அவனை ஏனென்று கேட்கவில்லை.

நான் சொன்னேன். ஒன்றையும் மறைக்கவில்லை. ஞாயிறு நடந்தது நடிப்பு, என் படத்துக்காக நான் சொல்லி மயூரதன் செய்தது, மலரக்காவுக்குத் தெரியாது, அவர் சம்மதித்ததாக நான் பொய் சொன்னேன், அந்த எள்ளுக்கும் தண்ணீருக்கும் அர்த்தம் ஒன்றும் இல்லை. குரல் உடைந்தது. வேண்டுமென்று உடைக்கவில்லை.

 பாயின் ஓரத்தில் இருந்த ஒருத்தி கேட்டாள்: "அப்ப எங்களைப் போன மாசம் இந்தப் படங்களைத் தடவிக்கொண்டு இருக்கச் சொன்னதும் நடிப்போ?" நான் அந்தப் படங்களைப் பார்த்தேன்.

பவளமக்கா மயூரதனைப் பார்த்தார். "தம்பி, இவ சொல்லுறது சரியோ? நீ நடிச்சனியோ?"

ஓம் என்று ஒரு சொல் சொல்லியிருக்கலாம். அதுதான் எல்லோருக்கும் தேவையாக இருந்தது. மலரக்கா அவனைத் திரும்பிப் பார்த்தார், கண்ணாலேயே அந்தச் சொல்லை அவன் வாயிலிருந்து இழுக்கிற மாதிரி.

"முதல் ரெண்டு தரமும் நடிச்சனான்" என்றான். பிறகு தாயைப் பார்க்காமல், நிலத்தைப் பார்த்து: "மூண்டாந்தரம் நடிக்கேல்லை அம்மா. அப்பாவுக்குத்தான் குடுத்தனான். வாற வருசமும் குடுப்பன். என்னால இனி ஏலாது அம்மா."

தகரத்தில் காகம் நடக்கிற சத்தம் கேட்டது. நான் செத்துப்போனால் நல்லது என்று நினைத்தேன். அதை நினைக்கிறபோதே ஜெரோம் மயூரதனின் முகத்திலிருந்து மலரக்காவின் முகத்துக்கு மெல்லத் திரும்புவதையும் பார்த்தேன், சரியான வேகம் என்றும் நினைத்தேன்.

மலரக்கா அழவில்லை. மகனுடைய தலையில் ஒட்டியிருந்த இரும்புத் தூசியைத் தட்டிவிட்டார்.

"சரியடா" என்றார். "நீ குடுத்தது உன்ர அப்பாவுக்கு. குடு. நான் உன்னை மறிக்கேல்லை. நான் இருக்கிறது என்ர மனுசனுக்கு. நீயும் என்னை மறிக்காத."

சொல்லிவிட்டுக் கொட்டகைக்குள் வந்தார். யாரிடமும் கேட்கவில்லை. பவளமக்கா அவரை நெடுநேரம் பார்த்தார்.  பிறகு, நோகிற காலை இரண்டு கையாலும் தூக்கி மடக்கி இடம் விட்டார். மலரக்கா அந்த இடத்தில் இருந்துகொண்டார்.

அதற்குப் பிறகுதான் ஜெரோமைக் கண்டார். என்னைத் திரும்பியும் பார்க்கவில்லை. அவனிடம் சொன்னார்:

"நிப்பாட்டு தம்பி."

ஜெரோம் என்னைப் பார்த்தான். நான் ஒன்றும் சொல்லவில்லை.

ஓகஸ்ட் 14, புதன். கொழும்பு

மழை. தோய்த்த உடுப்பு ஒன்றும் காயவில்லை. மலரக்காவுக்கு இரண்டு தரம் எடுத்தேன், பதில் இல்லை. மயூரதனுக்கும் எடுத்தேன், கடையில் வேலை என்று வைத்துவிட்டான்.

வெள்ளிக்கிழமை எடுத்ததைப் போட்டுப் பார்த்தேன். ஜெரோமின் கை கொஞ்சமும் ஆடவில்லை. "நிப்பாட்டு தம்பி" என்று சொல்கிற இடத்தில் மலரக்கா நேராகக் கமெராவைப் பார்க்கிறார், தகர ஓட்டையால் வந்த வெளிச்சம் நெற்றிப் பொட்டில் சரியாக விழுந்திருக்கிறது. அதற்குப் பிறகும் நிறைய ஓடியிருக்கிறது. கையால் முகத்தை மறைக்கிறார், முந்தானையை இழுக்கிறார், கடைசியில் மறைப்பதையும் விட்டுவிடுகிறார்.

பார்க்கப் பார்க்க என்மேல் எனக்கே அருவருப்பு. முழுவதையும் பார்த்து முடித்து, புவனேந்திரனுக்கு அனுப்பிவிட்டேன்.